கடைக்காலுக்கு மேலே

‘பாரத் ஏக் கோஜ்’ பார்க்க உட்காருகிறவர்கள் ஓம் புரியின் குரலிலும் ரோஷன் சேத்தின் நேருவிலும் கரைந்துபோவது வழக்கம். இந்த முறை அவர்களுக்குப் பின்னால் நிற்கும் சுவரைப் பாருங்கள். 1988இல் தூர்தர்ஷனில் தொடங்கிய ஷ்யாம் பெனகலின் 53 பகுதித் தொடர் இது. கலை இயக்கம் நிதீஷ் ராய். சிந்துவெளி முதல் சுதந்திரம் வரை அத்தனை காலத்துக்கும் வீடு கட்டித் தரவேண்டிய வேலை.

பிரம்மாண்டத்தைத் தேடினால் ஏமாந்துபோவீர்கள். கணினியில் வரைந்த கோட்டைகள் இதில் கிடையாது. அதுவே நமக்கு வசதி, கண் அலையாது.

மொகஞ்சதாரோவை எடுத்துக்கொள்ளுங்கள். அகழாய்வில் தெரு, கிணறு, சாக்கடை, சுவரின் அடிப்பகுதி எல்லாம் கிடைத்தன. செங்கல்லின் கனமும் அகலமும் நீளமும் 1:2:4 என்ற கணக்கில் இருந்ததுகூடத் தெரியும். மாடி எப்படி இருந்தது? சன்னல் எந்த உயரத்தில்? வாசலில் என்ன தொங்கியது? ஆய்வாளர் ‘சான்று இல்லை’ என்று எழுதிவிட்டு நகரலாம். கலை இயக்குநருக்கு அந்தச் சலுகை இல்லை. நடிகர் ஏதோ ஒரு வாசல் வழியாக வந்தாக வேண்டுமே! கடைக்காலுக்கு மேலே எழுவதெல்லாம் அவர் பொறுப்பு.

பிந்தைய காலங்களுக்குக் கொஞ்சம் துணை உண்டு. சாஞ்சித் தோரணச் சிற்பங்களில் மரமாடங்கள் தெரிகின்றன. அஜந்தாவில் துணியின் கோடுகள்கூட இருக்கின்றன. சோழர் காலத்துக்குத் தஞ்சைப் பெரியகோயில் உட்சுற்று ஓவியங்கள். இவற்றின் படங்களை அருகில் வைத்துக்கொண்டு சோழர் பகுதிகளையும் சிலப்பதிகாரப் பகுதிகளையும் பாருங்கள். எது சான்று, எது ஊகம் என்று பிரிக்கத் தொடங்கியதும் விளையாட்டு சூடுபிடிக்கும். சிற்பி செதுக்காமல் விட்ட ஏழை வீட்டு அடுக்களையில்தான் ஊகம் அதிகம் இருக்கும். அங்கே நின்று பாருங்கள்.

பிழை பிடிக்கவும் ஒரு வழி சொல்கிறேன், எந்த வரலாற்றுப் படத்துக்கும் பொருந்தும். மிளகாய், தக்காளி, உருளைக்கிழங்கு, செண்டுமல்லி எல்லாம் அமெரிக்கக் கண்டத்துச் சரக்கு. ராஜராஜன் அவையில் செண்டுமல்லித் தோரணம் தொங்கினால் யாரோ கோயம்பேட்டுக்குப் போய் வந்திருக்கிறார்கள் என்று அர்த்தம். ஆனால் இதோடு நிறுத்திக்கொண்டால் நஷ்டம் நமக்குத்தான்.

ராயின் கை எங்கே பழகியது என்று அறிய, மிருணாள் சென்னின் ‘காரிஜ்’ (1982) பார்க்கலாம். குளிருக்காக அடுக்களையில் படுத்த வேலைக்காரச் சிறுவன் கரியடுப்பின் நச்சுப்புகையில் இறந்துபோகிறான். அறையில் காற்றுப்போக வழியில்லை. அந்த ஒரு குறைதான் கதையே; வசனத்தைவிடச் சுவர்தான் அதிகம் பேசுகிறது. அதன் கலை இயக்கத்துக்கு ராய்க்குத் தேசிய விருது கிடைத்தது; ‘மண்டி’, ‘லேகின்’ படங்களுக்கும் கிடைத்தது.

அவரிடம் உதவியாளராக இருந்தவர் சமீர் சந்தா. மணிரத்னத்தின் ‘இருவர்’ படத்துக்குக் கலை இயக்கம் அவர்தான். ஆவணப்படம் இல்லை என்றாலும், நம் பாட்டன்மார் பார்த்த ஸ்டூடியோக்களையும் மேடைகளையும் அவர் எழுப்பிய விதத்தைச் சரிபார்க்க நம் வீட்டுப் பெரியவர்களே போதும்.