வீட்டாருக்காகப் பேசும் வெளியுறவு

கனடியப் பிரதமர் மார்க் கார்னி 2026 ஜனவரியில் டாவோஸில் ஆற்றிய உரைக்குக் கிடைத்த கைதட்டல் இன்னும் ஓயவில்லை. பழைய உலக ஒழுங்கு முறிந்துவிட்டது, அது திரும்பாது, நடுத்தர சக்திகள் ஒன்றுகூடிப் பந்தியில் உட்காராவிட்டால் இலையில் பரிமாறப்பட்டுவிடும் என்பது அவர் வாதம். டிரம்பின் பெயரைச் சொல்லாமலே டிரம்புக்குச் சொன்ன பதில். அன்றிலிருந்து 'நடுத்தர சக்தி' ஒரு மோஸ்தராகிவிட்டது. பெரியதும் அல்லாத சிறியதும் அல்லாத ஒரு நாடு உலகில் எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்பதற்குக் கனடாவே பாடநூல் என்று எழுதுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை.

உரை நல்ல உரைதான். விதிகளின்படி இயங்கும் உலகம் என்பது பாதிப் பொய், அந்தப் பொய்யால் தன் நாடும் ஆதாயம் பெற்றது என்று ஒரு மேற்கத்தியத் தலைவர் மேடையேறி ஒப்புக்கொள்வது அபூர்வம். பழைய கணக்கிலும் வரவு உண்டு. 1956 சூயஸ் நெருக்கடியில் ஐ.நா. அமைதிப்படை யோசனையை முன்வைத்த அன்றைய கனடிய வெளியுறவு அமைச்சர் லெஸ்டர் பியர்சனுக்கு அடுத்த ஆண்டே நோபல் பரிசு கிடைத்தது. 1997இல் கண்ணிவெடித் தடை ஒப்பந்தத்தில் 122 நாடுகளை ஒட்டாவாவில் கையெழுத்திட வைத்தார்கள். அமெரிக்கா ஒதுங்கி நின்றது, அதற்காக வேலை நிற்கவில்லை. 2003இல் ஈராக் போருக்கு வர முடியாது என்று பிரதமர் ழான் கிரெத்தியன் நாடாளுமன்றத்தில் சொன்னார். ஏற்றுமதியில் ஏறக்குறைய முக்கால் பங்கை ஒரே அண்டை வீட்டுக்கு விற்கும் நாடு அந்த வீட்டுக்காரரிடம் மறுத்துப் பேசுவது லேசான காரியமில்லை.

ஆனால் எழுபது ஆண்டுகளில் இப்படிப்பட்ட தருணங்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவை. மற்ற காலமெல்லாம் கனடாவின் வெளியுறவுக் கொள்கை பேசியது வெளியாரோடு இல்லை, தன் வீட்டாரோடு. நாம் நல்லவர்கள் என்று கனடியர்கள் தங்களைப் பற்றி நினைத்துக்கொள்ள உதவுவதே அதன் முதல் வேலையாக இருந்துவந்திருக்கிறது. எந்தக் கட்சி ஆண்டாலும் இதுதான் நடந்தது.

இதற்கு முதற்காரணம் பூகோளம். மூன்று பக்கம் கடல், நான்காவது பக்கம் தன்னையும் சேர்த்துக் காக்கிற வல்லரசு. பின்லாந்தோ வியட்நாமோ ஒரு சொல்லைத் தவறாகச் சொன்னால் எல்லையில் படை நிற்கும். கனடா எதைச் சொன்னாலும் அண்மைக்காலம்வரை ஒன்றும் ஆகிவிடவில்லை. பிழைக்கு விலை கொடுக்க வேண்டாத இடத்தில் கொள்கை மெல்ல மெல்ல அலங்காரமாகிவிடுகிறது. இன்னொரு காரணம், புலம்பெயர்ந்தோரின் வாக்கு. ஸ்கார்பரோவிலும் பிராம்ப்டனிலும் சர்ரேயிலும் தொகுதியை வெல்ல நினைப்பவருக்குக் கொழும்பும் சண்டிகரும் உள்ளூர் விவகாரங்கள். அவர் கொடுக்கக்கூடிய, செலவே இல்லாத பொருள் ஒன்று உண்டு: தீர்மானம்.

பேச்சுக்கும் பணப்பைக்கும் உள்ள தூரத்தைப் பாருங்கள். பணக்கார நாடுகள் தேசிய வருவாயில் 0.7 விழுக்காட்டை வெளிநாட்டு உதவிக்கு ஒதுக்க வேண்டும் என்று 1969இல் பரிந்துரைத்த குழுவுக்குத் தலைவரே பியர்சன்தான். அவருடைய நாடு அந்த அளவை ஒருமுறைகூடத் தொட்டதில்லை. அமைதிப்படைக்கு ஒட்டாவாவில் நினைவுச்சின்னம் இருக்கிறது, பத்து டாலர் நோட்டில்கூடப் படம் போட்டார்கள். 2016இல் ஜஸ்டின் ட்ரூடோ அரசு 600 வீரர்கள்வரை அனுப்புவோம் என்றது. உருப்படியாகப் போனது மாலிக்கு ஓராண்டுக்கு ஹெலிகாப்டர் பிரிவு ஒன்று. மாற்றுப்படை வரும்வரை சற்றுக் கூடுதலாக இருங்கள் என்று ஐ.நா. கேட்டபோது பெரிதாக மசியவில்லை.

சவூதி அரேபியாவின் கதை இதைவிடக் கூர்மையானது. 2018 ஆகஸ்டில் அங்கே சிறையிலிருந்த பெண்ணுரிமைச் செயற்பாட்டாளர்களை விடுவிக்கச் சொல்லி ஒட்டாவா ட்விட்டரில் எழுதியது. ரியாத் கனடியத் தூதரை வெளியேற்றியது, கனடாவில் படித்துக்கொண்டிருந்த தன் மாணவர்களைத் திரும்ப அழைத்தது. ஒட்டாவா பின்வாங்கவில்லை, பாராட்டு குவிந்தது. ஒன்டாரியோவின் லண்டன் நகரில் தயாரான கவச வாகனங்கள் மட்டும், 2014இல் முடிவான சுமார் 15 பில்லியன் டாலர் ஒப்பந்தப்படி, அதே சவூதிக்குப் போய்க்கொண்டே இருந்தன. பதிவு வீட்டாருக்கு, வாகனம் வெளியாருக்கு.

தமிழர்களாகிய நமக்கு இதைச் சொல்லிக் காட்ட வேறு சான்று தேவையில்லை. 2013இல் கொழும்பில் நடந்த காமன்வெல்த் மாநாட்டை பிரதமர் ஸ்டீபன் ஹார்ப்பர் புறக்கணித்தார். மன்மோகன் சிங்கும் போகவில்லை என்றாலும் ஹார்ப்பரைத்தான் கொண்டாடினோம். அதற்கு மூன்றாண்டுகளுக்கு முன்பு, 2010 ஆகஸ்டில், 492 தமிழர்களோடு 'சன் சீ' கப்பல் பிரிட்டிஷ் கொலம்பியாக் கரையை அடைந்தபோது அவர்களைத் தடுப்புக்காவலில் அடைத்ததும், உள்ளே புலிகள் இருக்கலாம் என்று பீதி கிளப்பியதும் அதே ஹார்ப்பர் அரசு. தொலைவில் இருக்கும் தமிழருக்கு அனுதாபம், வாசலுக்கு வந்த தமிழருக்குப் பூட்டு. இரண்டுமே உள்ளூரில் வாக்காகக்கூடியவை என்பதால் முரண்பாடாக யாருக்கும் உறுத்தவில்லை.

பிறகு 2022 மே 18 வந்தது. முள்ளிவாய்க்காலில் நடந்தது இனப்படுகொலை என்பதை ஏற்று, அந்த நாளைத் தமிழின அழிப்பு நினைவுநாளாக அங்கீகரிக்கும் தீர்மானத்தைக் கனடிய நாடாளுமன்றம் ஒருமனதாக நிறைவேற்றியது. இழந்தவர்களுக்கு அந்தச் சொல் எவ்வளவு பெரியது என்பதைக் குறைத்துப் பேச எனக்கு மனமில்லை. ஆனால் அந்தத் தீர்மானம் அரசைக் கட்டுப்படுத்தாது. மஹிந்த, கோட்டாபய ராஜபக்சேக்கள் மீது தடை வந்ததோ 2023 ஜனவரியில். போர் முடிந்து பதின்மூன்று ஆண்டுகளுக்கு மேல் கழித்து, இருவரையும் இலங்கை மக்களே பதவியிலிருந்து துரத்தி மாதக்கணக்கான பின்பு. 2009 மே மாதம் ஐ.நா. மனித உரிமைப் பேரவையில் இலங்கையைப் பாராட்டும் தீர்மானத்தை எதிர்த்து வாக்களித்த 12 நாடுகளில் கனடாவும் ஒன்று என்பதைச் சொல்லிவிட வேண்டும். இந்தியா அன்று ஆதரவாக வாக்களித்தது. அந்த வாக்கு நேர்மையானது. அதையொட்டி அடுத்து என்ன செய்தார்கள் என்பதுதான் என் கேள்வி.

செய்ய வழியில்லை என்று சொல்ல முடியாது. காம்பியா என்ற மிகச் சிறிய மேற்கு ஆப்பிரிக்க நாடு ரோஹிங்கியர்களுக்காக 2019இல் மியான்மரைப் பன்னாட்டு நீதிமன்றத்துக்கு இழுத்தது. ஆதாரம் இனப்படுகொலைத் தடுப்பு ஒப்பந்தம். இலங்கையும் கனடாவும் அதில் உறுப்பினர்கள். அந்த வழக்கில் தலையிட கனடா பின்னால் மனுவும் போட்டது. சித்திரவதைக்காக 2023 ஜூனில் நெதர்லாந்தோடு சேர்ந்து சிரியாவை அதே நீதிமன்றத்தில் நிறுத்தியது. ஆக, பாதை தெரிந்த நாடுதான். தன் நாடாளுமன்றமே இனப்படுகொலை என்று சொன்ன ஒன்றில் மட்டும் ஏன் அந்தப் பாதையில் நடக்கவில்லை? நிரூபிப்பது கடினம் என்பார்கள். மியான்மர் விஷயத்தில் மட்டும் எளிதா? என் பதில் கசப்பானது: தீர்மானம் நிறைவேறிய அன்றே அதன் பயன் முழுதும் கிடைத்துவிட்டது. வழக்கு போட்டால் ஆண்டுக்கணக்கில் செலவு, தோற்கும் ஆபத்து, கூடுதலாக ஒரு வாக்கும் வராது.

நார்வேயோடு ஒப்பிட்டால் வித்தியாசம் விளங்கும். அந்த நாடு 2002இல் இலங்கையில் போர்நிறுத்தம் கொண்டுவந்தது, ஆண்டுக்கணக்கில் இரு தரப்பிடமும் வசவு வாங்கியது, கடைசியில் படுதோல்வி கண்டது. ஓஸ்லோ மீது தமிழர்களுக்கு உள்ள மனக்குறைகள் எனக்கும் உண்டு. ஆனால் அது களத்தில் நின்று தோற்றது. உதவிக்கும் வருவாயில் ஒரு விழுக்காட்டை ஒட்டிச் செலவிடுகிறது. 2020இல் ஐ.நா. பாதுகாப்பு அவைத் தேர்தலில் நார்வே 130 வாக்கும் அயர்லாந்து 128 வாக்கும் பெற்றன. கனடாவுக்கு விழுந்தது 108. பத்தாண்டுக்கு முன் போர்ச்சுகலிடமும் தோற்றிருந்தது. ஒரு தோல்வியைக் கன்சர்வேட்டிவ்களின் தலையிலும் மற்றதை லிபரல்களின் தலையிலும் கட்டிவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விட்டார்கள். வெளியார் எப்படிப் பார்க்கிறார்கள் என்பதற்கு அதைவிடத் தெளிவான கணக்கெடுப்பு வேறு எங்கே கிடைக்கும்?

கார்னி வேறு மாதிரி என்கிறார்கள். இருக்கலாம், ராணுவத்துக்கு நிஜமாகவே பணம் போடுகிறார். ஆனால் 2025 ஜூனில் டிரம்ப் வணிகப் பேச்சை நிறுத்தியதும், பெரும்பாலும் அமெரிக்க நிறுவனங்கள் மீது விழவிருந்த டிஜிட்டல் சேவை வரியை முதல் வசூலுக்கு முந்தைய இரவே கைவிட்டவரும் அவர்தான். டாவோஸ் உரைக்குச் சில நாட்கள் முன்பு பெய்ஜிங்கில் மின்வாகனத்துக்கும் கனோலாவுக்கும் வரிக்குறைப்பு உடன்பாடு கண்டார். உரை முடிந்து ஒரு வாரம்கூட ஆகவில்லை, டிரம்ப் நூறு விழுக்காடு வரி போடுவேன் என்று மிரட்டினார். சீனாவோடு தடையற்ற வணிக ஒப்பந்தம் செய்யும் எண்ணமே இல்லை என்று ஒட்டாவா அவசரமாக விளக்கம் சொன்னது. நிலைமை அப்படி, குறை சொல்ல மாட்டேன். அவருடைய 2025 நவம்பர் வரவுசெலவுத் திட்டத்தைச் சொல்வேன். அது நான்கு ஆண்டுகளில் வெளிநாட்டு உதவியிலிருந்து 2.7 பில்லியன் டாலரை வெட்டுகிறது. நடுத்தர சக்திகளின் அணியைப் பெரிதாக்க ஆப்பிரிக்காவிலும் ஆசியாவிலும் ஆள் சேர்க்கப் போகும் கனடியத் தூதர்கள் அந்தத் தொகையைக் கையில் வைத்துக்கொண்டுதான் பேச வேண்டியிருக்கும்.