ஒருத்தி மட்டும் என்றொரு விதி

‘பஃபி தி வாம்பயர் ஸ்லேயர்’ தொடரின் முதல் பருவத்தில், ஓர் ஆண்குரல் தொடக்கத்திலேயே விதியைச் சொல்லிவிடும்: தலைமுறைக்கு ஒருத்தி, ரத்தக்காட்டேரிகளை எதிர்த்து நிற்க அவள் மட்டுமே. 1997இல் தொடங்கி 2003இல் முடிந்த இந்த அமெரிக்கத் தொடரைப் பற்றி ஏராளமாக எழுதிவிட்டார்கள், பெரும்பாலும் பஃபியின் உதையையும் குத்தையும் வியந்து. எனக்கு உறுத்துவது அந்த ‘மட்டும்’. ‘நீ மற்ற பெண்கள் மாதிரி இல்லை’ என்ற பாராட்டைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இந்தச் சொல் செய்கிற வேலை தெரியும். தூக்கி வைக்கும்போதே அது நம்மைத் தனியாளாகவும் ஆக்கிவிடுகிறது.

கதை எளிது. கலிஃபோர்னியாவில் சன்னிடேல் என்ற கற்பனை ஊர். அங்கிருக்கும் உயர்நிலைப் பள்ளிக்கு அடியில் நரகத்தின் வாய். பதினாறு வயதுப் பஃபிதான் அதற்குக் காவல். அவளைப் பழக்க ஜைல்ஸ் என்ற நூலகர் இருக்கிறார். அவருக்கு மேலே இங்கிலாந்தில் ‘கண்காணிப்பாளர் அவை’ இருக்கிறது. சண்டையும் சாவும் பெண்ணுக்கு, ஆவணமும் ஆணையும் அவைக்கு. மூன்றாம் பருவத்தில் பஃபிக்கு 18 வயது ஆகும்போது, அவை ஒரு ‘தேர்வு’ வைக்கிறது. அவளுக்குத் தெரியாமல் ஜைல்ஸின் கையாலேயே ஊசிபோட்டு வலிமையை வடியவைக்கிறார்கள். பிறகு ஒரு காட்டேரியோடு அவளை ஒரு வீட்டில் பூட்டிவைப்பது திட்டம். காலங்காலமாக நடக்கும் சடங்கு என்று அதற்கு விளக்கம் வேறு. பெண் வயதுக்கு வருவதை அவளது உடல்மீதான சோதனையாக மாற்றும் சடங்குகளை அறிந்தவர்களுக்கு இந்த அத்தியாயம் வெறும் மாயக்கதையாகத் தெரியாது.

ஆனால் ‘ஒருத்தி மட்டும்’ என்ற விதி அதற்கு முன்பே உடைந்துவிட்டது. அதை உடைத்தவர்களுக்கே அது தெரியாது. முதல் பருவத்தின் இறுதியில், தான் சாகப்போவதாகச் சுவடி சொல்வது பஃபிக்குத் தெரியவருகிறது. வாழ வேண்டிய வயது இது என்று அழுகிறாள், கோபப்படுகிறாள். பிறகுதான் போகிறாள். பயமே இல்லாத வீராங்கனையாக அவளைக் காட்டாததுதான் அந்தக் காட்சியின் பலம். சுவடி சொன்னபடி தண்ணீரில் மூழ்கி இறக்கிறாள். அவளைத் தேடி இருவர் வருகிறார்கள். ஒருவன் காதலன் ஏஞ்சல், தானே காட்டேரி என்பதால் ஊதிக்கொடுக்க அவனிடம் மூச்சு இல்லை. இன்னொருவன் வகுப்புத் தோழன் ஸாண்டர், எந்தச் சக்தியும் இல்லாதவன். சற்று முன்புதான் தன் விருப்பத்தைச் சொல்லி, அவள் மறுத்துவிட்டதால் மனம் கசந்திருந்தவன். மறுத்தவளைத் தண்டிக்கும் கதைகள் எத்தனையோ பார்த்திருக்கிறோம். இவன் குனிந்து அவள் வாயில் மூச்சை ஊதுகிறான். அவள் எழுகிறாள். சுவடியில் அவனைப் பற்றி ஒரு வரியும் இல்லை.

அந்தச் சில நிமிடச் சாவுக்குள் உலகின் இன்னொரு மூலையில் அடுத்த பெண் அழைக்கப்பட்டுவிட்டாள். அவள் பெயர் கெண்ட்ரா, கறுப்பினப் பெண். அடுத்த பருவத்தில் வந்து சேர்கிறாள். சிறுவயதிலேயே பெற்றோர் அவளைக் கண்காணிப்பாளரிடம் ஒப்படைத்துவிட்டார்கள். பள்ளி இல்லை, தோழிகள் இல்லை. விதி கேட்டபடியே வளர்க்கப்பட்டவள். சண்டையில் கிழிந்த சட்டையைப் பார்த்து, இதுதான் தன்னிடம் இருக்கும் ஒரே சட்டை என்கிறாள். தொடர் அதைச் சிரிப்புக்காக வைத்தது. என்னால் சிரிக்க முடியவில்லை. பஃபியிடம் உடைகள் நிறைந்த அலமாரியும், அம்மாவும், வில்லோவும் ஸாண்டரும் உண்டு. இருவருக்கும் ஒரே வலிமைதான். அடுத்த முறை வந்தபோது கெண்ட்ரா கொல்லப்படுகிறாள். கறுப்புப் பெண்ணின் சாவை வெள்ளைப் பெண்ணின் துயரத்துக்கு எரிபொருளாக்கியதை மன்னிக்க எனக்கு மனமில்லை. ஆனாலும் தொடரின் வாதம் மிகத் தெளிவாக வெளிப்படுவது அவளிடத்தில்தான்: தைரியம் பயிற்சியால் வரலாம், உயிரோடு இருப்பதற்கு ஆட்கள் வேண்டும். ஐந்தாம் பருவத்தில் ஸ்பைக் என்ற காட்டேரி இதையே சொல்கிறான். இரண்டு வேட்டைக்காரிகளைக் கொன்றவன் அவன். பஃபி இன்னும் சாகாததற்குக் காரணம் அவளைச் சுற்றியிருப்பவர்கள் என்கிறான்.

இந்த நட்பைத் தொடர் தேன்பூசிக் காட்டவில்லை. ஆறாம் பருவத்தில் இறந்துபோன பஃபியை, அவள் நரகத்தில் தவிப்பதாக நினைத்து, தோழர்கள் மந்திரத்தால் மீட்கிறார்கள். அவள் அமைதியில் இருந்தவள். சவப்பெட்டியைத் தானே உடைத்து, மண்ணைக் கிளறி வெளியே வருகிறாள். அவளைக் கேட்காமலே அவள் நன்மையை முடிவுசெய்தது இம்முறை அவை அல்ல, அன்பு. அந்த ஆண்டில் துரித உணவகச் சீருடையில் வெறுமையாக நடமாடும் பஃபியைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வில்லோமீது கோபம் வரும். பிறகு ஐந்தாம் பருவத்தில் அம்மா இறந்த நாள் நினைவுக்கு வரும். பின்னணி இசையே இல்லாத அந்த அத்தியாயத்தில் வில்லோ எந்தச் சட்டை போட்டுக்கொண்டு போவது என்று தெரியாமல் மாற்றி மாற்றிப் பார்த்து அழுகிறாள். வேறெந்த உதவியும் செய்ய முடியாத நாளில் சரியான சட்டையையாவது போட வேண்டும் என்ற தவிப்பு அது. கோபம் போவதில்லை, ஆனால் அதன் வடிவம் மாறுகிறது.

கடைசிப் பருவத்தில் விதியின் மூலம் தெரிகிறது. ஆதியில் சில ஆண்கள் ஒரு பெண்ணைத் தரையில் சங்கிலியால் பிணைத்து, அவளுக்குள் பேயின் சக்தியைத் திணித்தார்கள். முதல் வேட்டைக்காரி அப்படித்தான் உருவானாள். அவர்கள் பஃபிக்கும் கூடுதல் சக்தி தர முன்வருகிறார்கள். அவள் மறுக்கிறாள். பதிலுக்கு அவள் கேட்பது வேறொன்று. வில்லோவின் மந்திரத்தால், அழைப்புக்காகக் காத்திருக்கும் எல்லாப் பெண்களுக்கும் ஒரே நேரத்தில் அந்த வலிமை போய்ச்சேர்கிறது. பேஸ்பால் மட்டையோடு நடுங்கி நிற்கும் ஒரு சிறுமி மெல்லச் சிரிக்கிறாள். அடிக்க ஓங்கிய ஒரு கையை ஒரு பெண் பிடித்து நிறுத்துகிறாள்.

இதை எழுதும்போது தொடரை உருவாக்கிய ஜாஸ் வீடனைத் தாண்டிப் போக முடியாது. பெண்ணியப் படைப்பாளி என்று வெகுகாலம் கொண்டாடப்பட்டவர். 2021இல் நடிகை கரிஸ்மா கார்ப்பென்டர், தன் கர்ப்ப காலம் உட்படப் பல சமயங்களில் அவர் தன்னைக் கொடுமையாக நடத்தினார் என்று வெளிப்படையாக எழுதினார். வீடன் பின்னர் ஒரு பேட்டியில் பல குற்றச்சாட்டுகளை மறுத்தார். ஆனால் கார்ப்பென்டர் தனியாக விடப்படவில்லை. டாராவாக நடித்த ஆம்பர் பென்சனும் தங்கையாக நடித்த மிஷெல் டிராக்டன்பெர்க்கும் உடனே அவர் பக்கம் நின்றார்கள். பஃபியாக நடித்த சாரா மிஷெல் கெல்லர், பஃபி என்ற பெயரோடு தன் பெயர் இணைந்திருப்பதில் பெருமைதான், வீடனின் பெயரோடு என்றென்றும் இணைந்திருக்க விருப்பமில்லை என்று எழுதினார். தொடரை மாணவிகளுக்குப் பரிந்துரைக்கலாமா என்று கேட்பவர்களிடம் நான் அந்த வாரத்தைத்தான் நினைவூட்டுகிறேன். தொடரை அந்தப் பெண்களின் உழைப்பாக எண்ணிப் பார்க்கச் சொல்கிறேன்.

இறுதிக் காட்சியில் ஊர் ஒரு பெரும்பள்ளமாகிவிட்டது. அதன் விளிம்பில் நின்றபடி, இனி நீ ஒருத்தி மட்டுமல்ல, அது எப்படி இருக்கிறது என்று ஃபெய்த் கேட்கிறாள். கெண்ட்ரா இறந்ததால் அழைக்கப்பட்டவள் இவள். இப்போது என்ன செய்வது என்று தங்கை கேட்கிறாள். பஃபி பதில் சொல்லாமல் பார்க்கிறாள், உதட்டில் சிறு புன்னகை. கெண்ட்ராவின் பெயரை அங்கே யாரும் சொல்வதில்லை.