கெடிகேயும் மண்சுவரும் : கட்டடக்கலை வரலாற்று நூல்கள் சில பற்றி ஒரு விமரிசன நோக்கு

இலங்கையின் பண்டைக் கட்டடங்கள் பற்றி எழுந்த நூல்கள் எண்ணிக்கையிற் குறைந்தவை அல்ல. ஆயின் அவற்றுட் பெரும்பாலானவை அநுராதபுரத்திலே தொடங்கிப் பொலன்னறுவையிலே முடிவடைகின்றன. இடையிலும் அயலிலும் உள்ள நிலப்பரப்பு அவற்றுக்கு வெறும் பாதையாகவே அமைந்துவிடுகின்றது. மாத்தளை மாவட்டத்தின் கிழக்கே, நக்கிள்ஸ் மலைத்தொடரின் சாரலில் உள்ள லக்கலப் பிரதேசத்தை ஓர் அளவுகோலாகக் கொண்டு இந்நூல்களை நோக்குவது பயனுடையதாகும். பெருந்தாதுகோபமோ அரண்மனையோ லக்கலைக்குப் புகழ் தேடித் தரவில்லை. மண்சுவரும் புற்கூரையும் கொண்ட வீடுகளும் நெற்களஞ்சியங்களுமே அங்கு நெடுங்காலம் நிலைத்த கட்டட மரபு. அம்மலைகளுக்கு மேற்கே, தம்புள்ளை - மாத்தளைப் பாதையருகே, நாலந்தாக் கெடிகே என்னும் கற்கோயில் உளது. கெடிகே பற்றி எழுதப்பட்டவை பல. லக்கல வீடு பற்றி எழுதப்பட்டவை மிகச் சில. இவ்வேறுபாடு தற்செயலானது எனக் கொள்ளுதல் இயலாது.

கட்டடக்கலை வரலாற்றைத் துறையாக்கியவருள் முதன்மையானவர் ஜேம்ஸ் பெர்குசன். அவுரி வணிகராக இந்தியா வந்த அவர் 1876இல் வெளியிட்ட 'இந்திய, கீழைத்தேயக் கட்டடக்கலை வரலாறு' இன்றும் முற்றாக ஒதுக்கப்படாத நூல். அதன் உழைப்பை மறுப்பதற்கில்லை. அதன் அடிப்படைதான் பழுதுடையது. கட்டடத்தின் பாணியைக் கட்டியவரின் இனத்தோடு அவர் பிணைத்தார். 'திராவிட', 'இந்தோ-ஆரிய' என்னும் வகைப்பாடுகள் மொழியியலிலிருந்து இரவல் பெறப்பட்டு, கல்லிற் காணப்படும் குருதியின் அடையாளங்களாயின. ஆனால் சிற்பசாத்திரங்கள் கூறும் நாகரம், திராவிடம், வேசரம் என்பன வேறு பொருள் உடையன. மயமதம் முதலிய நூல்கள் இவற்றைச் சதுரம், எண்கோணம், வட்டம் ஆகிய வடிவங்களோடு தொடர்புபடுத்துகின்றன. தச்சனுக்கு வடிவப் பெயராயிருந்தது வரலாற்றாசிரியனுக்கு இனப் பெயராயிற்று. பெர்குசனுக்கு நாற்பது ஆண்டுகளுக்கு முன்னரே, 1834இல், தஞ்சாவூரைச் சேர்ந்த ராம் ராஸின் நூல் இலண்டனில் வெளிவந்திருந்தது. ஏடுகளை மட்டும் நம்பாது தொழில் அறிந்த சிற்பிகளிடமும் பொருள் கேட்டறிந்து எழுதப்பட்ட நூல் அது. அவ்வழியைப் பின்பற்றியோர் அரியர் என்பது வருந்தத்தக்கது.

பெர்குசனின் இனவாய்பாடு எத்துணைத் தூரம் பயனற்றது என்பதற்கு நாலந்தாக் கெடிகேயே தக்க சான்று. கி.பி. 8ஆம் நூற்றாண்டுக்கும் 10ஆம் நூற்றாண்டுக்கும் இடைப்பட்டதாகக் கருதப்படும் இக்கட்டடம் கருவறை, இடைகழி, மண்டபம் என்னும் அமைப்பும் அவற்றின் மேல் விமானமும் உடையது. பல்லவர் காலத் தென்னாட்டுக் கோயில்களை நினைவூட்டும் தோற்றம். கூரையின் தென்புறக் கூட்டில் குபேரன் உருவம் அமைந்துள்ளது. அடித்தளத்தில் ஒரு புணர்ச்சிச் சிற்பமும் உண்டு. இலங்கையில் இத்தகையது அருமை. இருந்தும் இது பௌத்தக் கோயில் என்றே பெரும்பாலான ஆய்வாளர் கருதுவர். பெயரும் அவ்வாறே சிக்கல் தருகின்றது. 'கெடிகே' என்னுஞ் சொல் செங்கல் மனையைக் குறிக்கும் பாளிச் சொல்லின் வழிவந்தது என்பர். பொலன்னறுவையின் தூபாராமமும் இலங்காதிலகமும் செங்கல்லாலான கெடிகேகள். நாலந்தாவோ முற்றிலும் கல். பெயர் செங்கல், பொருள் கல், அமைப்பு திராவிடம், வழிபாடு பௌத்தம்!

இத்தகைய கட்டடத்தின் முன் இனவாதம் தடுமாற வேண்டும். ஆனால் நூல்களில் நடந்தது வேறு. சிங்கள எழுத்தாளர் சிலர் தென்னிந்தியச் 'செல்வாக்கு' என ஒரு சொல்லாற் கடந்து சென்றனர். செல்வாக்கு என்பது யாவற்றையும் விளக்குவதாகத் தோன்றி எதனையும் விளக்காத சொல். கல்லை வெட்டியவர் யார், அவர்க்கு ஊதியம் எவ்வாறு வழங்கப்பட்டது, அவர் எம்மொழி பேசினர் என்னும் வினாக்கள் அதன் அடியிற் புதைந்துவிடுகின்றன. நம்மவர் சிலரோ விமானத்தைக் கண்டதும் இது சைவக் கோயிலே என உரிமை கொண்டாடினர். இவர்களும் பெர்குசனின் மாணாக்கரே. திராவிட அமைப்பெனின் தமிழருடையது, தமிழருடையதெனின் சைவம் என்பது அவர்களது தருக்கம். திருகோணமலையை அடுத்த வெல்கம் விகாரை இத்தருக்கத்தைத் தகர்க்கப் போதுமானது. சோழர் காலத் தமிழ்ச் சாசனங்கள் அதனை இராஜராஜப் பெரும்பள்ளி என்கின்றன. தமிழர் கொடையளித்த பௌத்தப் பள்ளி அது. பேராசிரியர் கா. இந்திரபாலா 2005இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட, இலங்கைத் தமிழரின் இனக்குழு அடையாளம் உருவான வரலாறு பற்றிய நூல் இவ்விடயத்தில் நமக்கு வழிகாட்டத் தக்கது. இன்றைய இன எல்லைகளைப் பண்டைக் காலத்தின்மீது ஏற்றுவதன் ஆபத்தினை அந்நூல் தெளிவுறுத்துகின்றது. கட்டடக்கலை நூல்கள் அத்தெளிவை இன்னும் முழுமையாகப் பெற்றுக்கொள்ளவில்லை.

தொல்லியல் திணைக்களத்தின் தலைவராயிருந்த செனரத் பரணவிதானவின் பணி வேறு தரத்தது. 1946இல் வெளிவந்த இலங்கைத் தூபிகள் பற்றிய அவரது ஆய்வு, அளவையும் சாசனத்தையும் பாளி நூற்சான்றையும் இணைத்துப் பார்க்கும் முறையால் இன்றும் மதிக்கத்தக்கது. எனினும் அரசனும் சங்கமுமே அவரது வரலாற்றின் பாத்திரங்கள். சேனக பண்டாரநாயக்கவின் 'சிங்களத் துறவிமடக் கட்டடக்கலை' (1974) இவ்விடத்து ஒரு திருப்பம். அநுராதபுரத்தில் எஞ்சி நிற்கும் கற்றூண்களைக் கண்டு கல்லாலான நகரம் எனக் கருதும் மயக்கத்தை அந்நூல் களைகின்றது. தூண்களின் மேல் மரமும் ஓடும் இருந்தன; அழிந்தது எஞ்சியதை விடப் பெரிது. இவ்வுண்மையை உணர்ந்தவர் ஊர் வீட்டையும் விகாரையையும் ஒரே தச்சு மரபின் இரு முனைகளாகக் காண்பர். நூலின் தலைப்பிலுள்ள இன அடைமொழி பற்றி வினா எழுப்பலாம். முறையியலைப் பொறுத்தவரை அதனைக் கற்காது இத்துறையில் எழுதுவது பொறுப்பற்ற செயல்.

அவரே இணைப்பதிப்பாசிரியராயிருந்து 1990இல் வெளியிட்ட சிகிரியா - தம்புள்ளைப் பிரதேசக் குடியிருப்புத் தொல்லியல் நூல் மாத்தளை மாவட்டத்தையே களமாகக் கொண்டது. குன்றின் இடைப்பகுதியிலுள்ள ஓவியங்களை விடுத்து, அடிவாரத்துக் குளங்களையும் ஊர்களையும் இரும்பு உருக்கிய இடங்களையும் தேடிச் சென்றமை அதன் சிறப்பு. உளியின்றிக் கற்கோயில் இல்லை. இரும்பு உலையின்றி உளி இல்லை. சிகிரியாவை அடுத்து வெளிப்பட்ட உலைகள் கட்டடக்கலை வரலாற்றின் முதல் அத்தியாயத்தில் இடம்பெற வேண்டியவை. நம் பல்கலைக்கழக நூல்நிலையங்களில் இந்நூலைக் கேட்டுப் பெறுவோர் எத்தனை பேர் என்பது வேறு கதை.

கைவினைஞனை நூலின் நடுவே நிறுத்திய பெருமை ஆனந்த குமாரசுவாமியைச் சாரும். கனிப்பொருள் ஆய்வாளராக மலையகமெங்கும் சுற்றித் திரிந்தபோது திரட்டிய செய்திகளைக் கொண்டு 1908இல் அவர் வெளியிட்ட 'இடைக்காலச் சிங்களக் கலை', கண்டி நாட்டுத் தச்சர், கொல்லர், கல்தச்சர் ஆகியோரின் தொழில்முறைகளைப் பதிவு செய்தது. மாயிமதய என்னுஞ் சிங்களச் செய்யுள் நூலிலிருந்து மனைகோலும் விதிகளையும் அவர் எடுத்தாண்டார். வில்லியம் மொரிசின் அச்சுப்பொறியிலே நானூற்றுச் சொச்சம் பிரதிகளாக அச்சான அந்நூலில் மொரிசின் கைவினைப் பற்று முழுமையாக உண்டு. மொரிசின் பொதுவுடைமை இல்லை. இராசகாரிய முறையின்கீழ் நிலமானியம் பெற்றுச் சேவை செய்த தச்சனின் வாழ்க்கை அவருக்கு இசைவான ஒழுங்காகத் தோன்றிற்று. நிலம் பறிபோகும் என்னும் அச்சமும் குலக்கட்டுப்பாடும் அவ்விசைவின் மறுபக்கம். 1830களில் அரச இராசகாரியம் ஒழிக்கப்பட்டபோது கைவினை நலிந்தது என்பது உண்மை. அதனால் இராசகாரியம் நன்று எனல் பொருந்தாது. இக்குறை இருந்தும், லக்கல போன்ற ஓர் ஊரின் வீட்டை விளங்கிக்கொள்ள இன்றுவரை முதலில் எடுக்க வேண்டிய நூல் அதுவே.

அவ்வீட்டின் சொற்களே ஆய்வுக்கு உரியன. மண்சுவருக்கு உள்ளீடாகக் கட்டப்படும் கம்புகளைச் சிங்களத்தில் 'வரிச்சி' என்பர், தமிழில் வரிச்சு. நிலத்தைத் தொடாது கற்களின்மேலோ மரக்கால்களின்மேலோ நிறுத்தி, கம்புகளாற் கூடைபோற் பின்னி, மண் பூசி, கூம்புக் கூரை கவிக்கப்படும் நெற்களஞ்சியம் 'வீ பிஸ்ஸ' எனப்படும். நெல்லை இடவும் எடுக்கவும் கூரையை உயர்த்துவர். எலியும் ஈரமும் அணுகா. வன்னித் தமிழ்க் கமக்காரனின் கொம்பறையை அறிந்தவர்க்கு இது அந்நியமாகத் தோன்றாது. விமானத்தின் உரிமை பற்றி வழக்காடிய இருதரப்பு அறிஞரும் இக்களஞ்சியத்தை ஒப்பிட்டு ஆராய முற்பட்டிருப்பின் இரு மக்களின் உறவு பற்றி உறுதியான செய்திகள் கிடைத்திருக்கும்.

காலமோ காத்திருக்கவில்லை. போவதென்ன நீர்த்தேக்கத்தால் நாலந்தாவின் பழைய நிலம் நீருள் அமிழ நேர்ந்தபோது, 1980ஐ ஒட்டிய ஆண்டுகளில், கெடிகே கல் கல்லாகப் பிரிக்கப்பட்டு உயரமான இடத்தில் மீளக் கட்டப்பட்டது. போற்றத்தக்க பணி. 2018இல் களுகங்கை நீர்த்தேக்கம் நிரம்பியபோது லக்கலையின் பழைய பல்லேகமப் பகுதி நீரில் மூழ்கிற்று. மக்களுக்கெனப் புதிய நகரம் அமைக்கப்பட்டது. மண்சுவரைக் கல் கல்லாகப் பெயர்க்க முடியாது. வரைபடமாகவும் அளவாகவும் சொற்றொகுதியாகவுமே அதனைப் பெயர்க்கலாம். அதற்கு முன்னரே எழுதப்பட்ட நூல்கள் தேவை.

இந்நூல்கள் எதனுள்ளும் இடம்பெறாத இன்னுமொரு கட்டடமும் மாத்தளையில் உண்டு. 1840கள் முதல் மன்னாரிலிருந்து தம்புள்ளை வழியாக மாத்தளைக் கோப்பித் தோட்டங்களுக்கு நடந்து வந்த தமிழ்த் தொழிலாளர் நாலந்தாவைக் கடந்தே சென்றனர். வழியில் மாண்டவர் பல்லாயிரவர். எஞ்சியோர்க்கு 10 அடிக்கு 12 அடி அறைகள் கொண்ட லயங்கள் கிடைத்தன. அநுராதபுரத்துத் துறவியின் அறையளவைத் தூணடி கொண்டு கணித்து எழுதிய வரலாறு நம்மிடம் உண்டு. 180 ஆண்டுகளாக மனிதர் வாழும் லய அறையின் சுவர், கூரை, புகைவழி, திண்ணை பற்றி அதே நுணுக்கத்துடன் அளந்தெழுதும் பணியைத் தமிழ்த்துறை மாணவரும் தொல்லியல் மாணவரும் இணைந்து மேற்கொள்ளலாம். மாத்தளைத் தோட்டங்களிற் பழைய லயங்கள் சில இன்னும் நிற்கின்றன.