ஹலிதா ஷமீம்: எழுத்தும் முதலும்

தமிழகத்து இயக்குநர் ஹலிதா ஷமீமின் பெயரைச் சொன்னதும் நம்மிடையே எழும் முதற் கேள்வி, "நம்மட ஆளா?" என்பதுதான். கேட்பதில் பிழையில்லை. ஆனால் பேச்சு அதோடு முடிந்துபோகிறது. அவரது படங்களை முன்வைத்துப் பேசுவோர் குறைவு.

2014 இல் வெளியான 'பூவரசம் பீப்பீ' அவரது முதற் படம். எழுத்து, இயக்கம், படத்தொகுப்பு எல்லாம் அவரே, தயாரிப்பிலும் பங்கு. பள்ளி விடுமுறையில் ஒரு கொடிய குற்றத்தைக் கண்டுவிடும் மூன்று சிறுவர்களின் கதை. பெரிய நடிகரை நம்பாத இப்படியொரு கதைக்கு முதல் போட யார் முன்வருவார்? எழுதியவரே முதலிலும் பங்கெடுத்ததால்தான் அது படமானது என்று தோன்றுகிறது. சிறுவர்களின் குறும்பும் குற்றக் கதையும் முழுதாக ஒட்டவில்லை என்பது வேறு விடயம்.

அடுத்த படத்துக்கு ஐந்து வருடங்கள் சென்றன. 'சில்லுக் கருப்பட்டி' (2019) நான்கு கதைகள் கொண்டது. பிறர் தயாரிப்பு, நான்குக்கும் நான்கு ஒளிப்பதிவாளர்கள். ஆனாலும் ஒரே குரலில் பேசுகிறது. காரணம், எழுத்தும் படத்தொகுப்பும் ஒரே கையில் இருந்தமை. குப்பை மேட்டில் பொருள் பொறுக்கும் சிறுவன், ஒரு வசதியான வீட்டுப் பிள்ளையை அவள் வீசிய பொருட்கள் வழியாகவே அறிந்துகொள்வதை வசனத்தின் தயவின்றிச் சொல்கிறார். முதுமைக் காதலைக் கேலியாக்காததும் பெரிய விடயம். நடுவயதுத் தம்பதியின் பிணக்கை ஒரு பேசும் கருவி தீர்த்துவைப்பதுதான் கொஞ்சம் இலேசான முடிவு.

தந்தையின் மரணத்துக்கு வந்தும் அழ முடியாத மகனைப் பற்றிய 'ஏலே' (2021), திரையரங்கு உரிமையாளர்களோடு ஏற்பட்ட இழுபறியால் நேரே தொலைக்காட்சிக்குப் போனது. எழுத்தைக் கையில் வைத்திருந்தாலும் படம் சனங்களிடம் போய்ச் சேரும் வழி படைப்பாளியின் கையில் இல்லை என்பதை அது காட்டியது.

'மின்மினி' (2024) இன்னொரு துணிச்சல். பள்ளிப் பருவக் காட்சிகளை எடுத்துவிட்டு, அதே பிள்ளைகள் வளரும்வரை வருடக்கணக்காகக் காத்திருந்து மீதியை எடுத்தார். முதல் போட்டவரும் பொறுமை காக்காமல் இது நடக்காது. முகங்களில் தெரியும் காலம் உண்மையானது. இமயமலைப் பயணத்தில் வரும் வசனங்களோ அந்த உண்மையை நம்பாமல் அதிகம் விளக்குகின்றன.

"முஸ்லிம் வாழ்க்கையை ஏன் எடுக்கேல்ல?" என்று கேட்போர் உண்டு. இந்த நான்கு படங்களின் மையத்திலும் அது இல்லைதான். எனினும் ஒரு பெண்ணின் பெயரைப் பார்த்து அவர் எதை எழுதவேண்டும் என்று நாம் பட்டியல் கொடுப்பது நியாயமில்லை. அந்தக் கதைகள் வேண்டுமென்றால் நம்மட பிள்ளைகள் எழுதட்டும். கமரா வாங்க அவசரப்படுகிற அவர்கள், திரைக்கதையையும் படத்தொகுப்பையும் கற்றுக்கொண்டு முதல் படத்தைச் சிறிதாக எடுக்கட்டும். அதற்கு முதல் போட நம்மிடையே யார் தயார் என்பதையும் நாம் பேசத்தான் வேண்டும்.