மூன்று ஸலாமும் ஓர் அறையும்

எங்கள் பக்கத்தில் ஒரு வீட்டுக்குப் போனால் வாசலில் நின்று ஸலாம் சொல்வோம். பதில் இல்லையென்றால் இன்னொரு தரம். மூன்றாம் தரமும் இல்லையென்றால் திரும்பிவிடுவோம். திரையை விலக்கி எட்டிப் பார்ப்பதில்லை. இலங்கையின் கிழக்குக் கரையில், கல்முனைக்குடியிலோ மருதமுனையிலோ வளர்ந்தவர்களுக்கு இதைச் சொல்லித்தரத் தேவையில்லை. பெல்ஜியத்தைச் சேர்ந்த ஷன்டால் அகெர்மான் 1972இல் எடுத்த ‘லா ஷாம்ப்ர்’ என்ற பரிசோதனைக் குறும்படத்தை ரசிக்க இந்தப் பழக்கமே போதும். பெயரின் பொருள் ‘அறை’.

பதினொரு நிமிடம். ஒலி இல்லை, கதை இல்லை. நியூயோர்க்கில் ஒரு சின்ன அறைக்குள் கமரா நின்ற இடத்திலேயே மெல்லச் சுற்றுகிறது. நாற்காலி, மேசை, ஜன்னல், கட்டில். கட்டிலில் அகெர்மானே இருக்கிறார். ஒளிப்பதிவு பபெத் மங்கோல்ட்.

இரவில் இஷாத் தொழுகைக்குப் பிறகு, வீடு அடங்கியதும் பாருங்கள். பாட்டு எதையும் சேர்த்துப் போடாதீர்கள். முதற் சுற்றில் சாமான்களைப் பார்த்தால் போதும். அடுத்த சுற்றில், கமரா அகெர்மானை விட்டு விலகிச் சுவர்ப்பக்கம் போகும் நேரத்தைக் கவனியுங்கள். அந்த நேரம் அவருடையது. திரும்பி வரும்போது அவர் வேறு மாதிரி இருக்கிறார். ஒரு தரம் அப்பிள் தின்கிறார். இடையில் என்ன நினைத்தார் என்று நமக்குத் தெரியாது. சில வேளை நேரே நம்மைப் பார்ப்பார். கூச்சமாக இருக்கும். அந்தக் கூச்சத்தோடேயே இருங்கள், போனைத் தேடாதீர்கள். மூன்று முழுச் சுற்று முடிந்ததும் கமரா திசை மாறுகிறது. எனக்கு அவை மூன்று ஸலாமாகவே பட்டன.

உணர்ச்சியே இல்லாத படம் என்று சிலர் சொல்வார்கள். நான் ஒப்பமாட்டேன். 2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பிறகு எங்கள் கரைக்கு வந்த கமராக்கள் எத்தனையோ, அழுகிற பெண்களின் முகங்களுக்கு ஒரு சாண் தூரத்தில் போய் நின்றன. பார்த்தவர்கள் கண்ணீரைப் பார்த்தார்கள், அந்தப் பெண்களைப் பார்க்கவில்லை. அகெர்மான் எட்டி நிற்பது மரியாதை. 1975இல் அவர் எடுத்த ‘ழான் டீல்மன்’ படத்திலும் கமரா அப்படித்தான் நிற்கிறது. 2022இல் ‘சைட் அண்ட் சவுண்ட்’ சஞ்சிகையின் விமர்சகர் வாக்கெடுப்பில் அதுவே முதலிடம் பெற்றது.

படமெடுக்கும் தம்பி தங்கைகளிடம் ஒன்று கேட்கிறேன். உம்மாவின் அறையில் கமராவை வைக்குமுன் வாசலில் நின்று ஸலாம் சொல்லுங்கள். பதில் வராவிட்டால் திரும்பி வந்துவிடுங்கள்.