கடலறிவும் கடற்பெருமையும்

மரபைப் போற்றுதல் வேறு. மரபைப் பயிலுதல் வேறு. இவ்வேறுபாட்டைத் தெளிவுற உணர்த்துவது, பொலினீசிய மக்கள் தம் பண்டைக் கடலோடு கலையை மீட்டெடுத்த வரலாறாகும்.

பொலினீசியர் தொலைத்தீவுகளைத் திட்டமிட்டு அடைந்தவரல்லர். காற்றும் நீரோட்டமும் ஈர்த்துச் சென்றமையாலேயே கரைசேர்ந்தனர் என அன்றூ ஷார்ப் 1956இல் வாதிட்டார். இதற்கான விடை ஏட்டளவில் நின்றுவிடவில்லை. 1975இல் ஹவாயில் ‘ஹொக்குலேயா’ என்னும் இரட்டைத் தோணி கடலில் இறக்கப்பெற்றது. மறு ஆண்டு அது திசையறி கருவியெதுவுமின்றி ஏறத்தாழ 4,000 கிலோமீற்றர் கடந்து தாகித்தியை அடைந்தது. விண்மீன்கள் தொடுவானில் தோன்றி மறையும் இடங்களும் அலையெழுச்சியின் போக்குமே வழிகாட்டின.

தோணி தற்காலப் பொருள்களால் ஆயது என்பது உண்மையே. ஆயின் அங்கு மீட்கப்பட்டது மரமன்று, அறிவு. ஹவாயில் அவ்வித்தை அற்றுப்போயிருந்தமையின், மைக்குரோனீசியாவின் சத்தவால் தீவினரான மௌ பியைலுக் வழிநடத்தினார். பிறர்க்குக் கற்பித்தல் தகாது என்ற தம்மவர் கண்டனத்தையும் தாங்கி, அவர் ஹவாய் இளைஞரைப் பயிற்றினார். அவருள் ஒருவரான நைனோவா தொம்சன் 1980இல் தாமே வழியறிந்து தாகித்தி சென்று மீண்டார்.

தமிழரும் கடற்புகழ் பேசுவதிற் பின்னிற்பவரல்லர். வல்வெட்டித்துறையிற் கட்டப்பெற்ற ‘அன்னபூரணி’ 1938இல் அமெரிக்காவின் குளொஸ்ரர் துறைமுகத்தை அடைந்தமை பெருமையுடன் நினைவுகூரப்படுகின்றது. எனினும், அதனைக் கட்டிய மேத்திரியாரின் கணக்குமுறை யாது, தண்டையல்கள் சோளகத்தையும் வாடையையும் எவ்வாறு கணித்தனர் என வினவுவோர் சிலரே. சோழமண்டலக் கரை மாலுமிகள் இராப்பலகை என்னும் கருவியாற் துருவமீனின் உயரத்தை அளந்தனர். சிறு பலகையும் முடிச்சிட்ட கயிறுமே அது, துறைமுகத்துக்கொரு முடிச்சு. இன்று அதன் பெயரை அறிந்தோரும் அரியர்.

இது கரையோரத்தார்க்கு மட்டுமுரிய குறையன்று. இராகலைத் தோட்டங்களில் வாழ்வோரின் முன்னோரும் கடல் கடந்தே வந்தனர். அவர்களை ஏற்றிவந்த தோணிகளைச் செலுத்தியோரின் அறிவு எவராலும் பேணப்படவில்லை. மாறாக, அவர்கள் உடன்கொணர்ந்த காமன் கூத்து இன்றும் நிலைத்துள்ளது. மாசி தோறும் தப்பொலிக்கு இளைஞர் ஆடுவதாலும், ஆட்டத்தை மூத்தோர் திருத்துவதாலுமே அது வாழ்கின்றது. அதனைக் காத்தது புகழுரையன்று.

பயிற்சியில்லாப் பெருமை கரையேற்றிய கலம் போன்றது: காண்பதற்கு அழகியது, எவரையும் எக்கரைக்கும் சேர்க்காது. வல்வையின் முதிய கடலோடிகள் அறிந்ததைக் கேட்டுக் கற்பதே அன்னபூரணிக்குச் செய்யத்தக்க மெய்யான சிறப்பாகும்.