மூச்சை அடக்கிக்கொண்டு பாருங்கள்

அமாந்தோ தே ஒஸ்ஸோரியோவின் பேய்ப்படத்தைப் போடுமுன் மின்விசிறியை நிறுத்திவிடுங்கள். ஹெட்போன் இருந்தால் இன்னும் நல்லது. அவருடைய பேய்களுக்குக் கண் கிடையாது. சத்தத்தை வைத்துத்தான் ஆளைப் பிடிக்கும். நாமும் அவற்றைக் காதால்தான் பின்தொடர வேண்டும்.

1918-ல் ஸ்பெயினின் ஆ கொருன்யாவில் பிறந்த இயக்குநர் ஒஸ்ஸோரியோ. கௌபாய் படம் எடுத்தார்; 1969-ல் நடிகை அனிதா எக்பெர்க்கை வைத்து 'மலென்கா' என்ற ரத்தக்காட்டேரிப் படமும் எடுத்தார். அவற்றை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம். தொடங்க வேண்டியது 1972-ல் வந்த 'லா நோச்சே தெல் தெரோர் சியேகோ'வில். குருட்டுப் பயங்கரத்தின் இரவு என்று பொருள். சர்வாதிகாரி ஃபிராங்கோவின் தணிக்கைக் காலம் அது. அதனாலோ என்னவோ, கதை போர்ச்சுகலில் நடக்கிறது. சாகாவரம் தேடி நரபலி கொடுத்த டெம்ப்ளர் வீரர்களை, அதாவது இடைக்காலத்துக் கிறிஸ்தவப் போர்த்துறவிகளை, தூக்கிலிட்டார்கள். தொங்கிய பிணங்களின் கண்களைக் காக்கைகள் கொத்தித் தின்றன. இரவானால் அவர்கள் கல்லறையைத் திறந்துகொண்டு எழுந்துவருகிறார்கள்.

பணம் குறைவு என்பது பார்த்த உடனே தெரியும். முகமூடியும் கிழிந்த அங்கியும்தான் பேய். அந்தப் பேயைக் குதிரையில் ஏற்றி, ஸ்லோமோஷனில் ஓடவிட்டார் பாருங்கள், அங்கேதான் நான் அவருக்கு ரசிகன் ஆனேன். ஓடினால் தப்பிவிடலாம் போலிருக்கும். ஆனாலும் தப்ப முடியாது. கெட்ட கனவில் கால் நகராதே, அந்த அவஸ்தைதான் இது. பின்னால் அந்தோன் கார்சியா அப்ரிலின் இசை, பாழடைந்த மடத்துக்குள் துறவிகள் முனகுவதுபோல எதிரொலிக்கும்.

ஒரு காட்சிக்காகக் காத்திருங்கள். கதாநாயகி அசையாமல் நிற்கிறாள், மூச்சுகூட விடவில்லை. வீரர்கள் தடுமாறுகிறார்கள். அப்போது அவளுடைய இதயத் துடிப்பு கேட்கத் தொடங்குகிறது. நமக்குக் கேட்பது அவர்களுக்கும் கேட்டுவிடுகிறது. வாயைப் பொத்தலாம், நெஞ்சை எப்படிப் பொத்துவது? இதை எடுக்க எவ்வளவு பணம் வேண்டும், சொல்லுங்கள்!

குறைகளையும் சேர்த்தே ரசியுங்கள் என்று சொல்ல மாட்டேன். இதே படத்தில் ஒரு பாலியல் வன்முறைக் காட்சி வருகிறது; கதைக்கு அது தேவையே இல்லை, தாண்டிவிடுங்கள். இதே பேய்களை வைத்து அவர் மொத்தம் நான்கு பாகங்கள் எடுத்தார்; 1974-ல் வந்த மூன்றாம் பாகத்தில் பேய்க்கப்பல் அப்பட்டமான பொம்மை. அதைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். முடிந்தால் ஸ்பானிய மொழிப் பிரதியையே தேடுங்கள். அமெரிக்காவில் ஓடிய முதல் பாகம் வெட்டப்பட்டது.

முதல் பாகம் பிடித்தவர்கள் நேரே நான்காவதற்குப் போகலாம்: 1975-ல் வந்த 'லா நோச்சே தெ லாஸ் கவியோத்தாஸ்', கடற்பறவைகளின் இரவு. கடலோரக் கிராமம் ஒன்று, தன் பெண்களையே டெம்ப்ளர்களுக்குப் பலியாக விட்டுவிட்டுக் கதவைச் சாத்திக்கொள்கிறது. கரையோரமாகக் குதிரைகள் வரும்போது ஒருமுறை கண்ணை மூடிக்கொண்டு, அலைச் சத்தத்துக்குள் குளம்படியைத் தேடிப் பாருங்கள்.